கன்னு வாங்கப் போறவன் வாரியலும் வாங்கிக்கோ

வாய்யா, வா. செருப்ப அங்கனயே கழட்டிப் போட்டுட்டு இந்தத் திண்ணையில ஒக்காரு. மொகமெல்லாம் வேர்த்துக் கெடக்கே, என்ன சோலியா வந்த?

ஓகோ. புதுசா வீடு கட்டியிருக்க. நெழலுக்கு மரம் வைக்கணும். வெருசா வளர்ற மரமா வேணும். நல்ல காரியந்தான். மேக்கொண்டு சொல்லு.

வேர் ஓடக் கூடாது. எலை கொட்டக் கூடாது. பூ விழுந்து தரை கறையாகக் கூடாது. எறும்பு ஏறக் கூடாது. காக்கா வந்து காரு மேல எச்சம் போடக் கூடாது. ரொம்பத் தண்ணி கேக்கக் கூடாது. ஆனா ரெண்டு வருசத்துல தட்டட்டிக்கு மேல போயி நெழல் விரிக்கணும். அம்புட்டுத்தானே?

எய்யா, நீ மரம் கேக்கியா, தகரக் கொட்டகை கேக்கியா? நீ சொன்ன லட்சணம் அத்தனையும் தகரத்துக்குத்தான் இருக்கு. அதுக்கு வேர் கெடையாது, எலை கொட்டாது, தண்ணி கேக்காது. ஒரே நாள்ல வளந்துரும். கோவிச்சுக்காத. கேட்டதுக்குச் சொன்னேன்.

அது சரி, அந்த மனையில முன்னாடி ஒரு வேப்பமரம் நின்னுதே, என்னாச்சு?

காரு நிறுத்த எடம் பத்தலன்னு வெட்டிட்டியா! மரத்த வெட்டிக் காருக்கு எடம் பண்ணின. இப்ப காரு வெயில்ல காயுதுன்னு மரத்துக்கு எடம் தேடுத. தலையச் செரைச்சுட்டுச் சீப்புத் தேடின கதையால்லா இருக்கு.

வாசல் பூரா சிமெண்டுக் கல்லு பாவி மூடிட்டன்னும் கேள்விப்பட்டேன். மழைத்தண்ணி எங்கிட்டுப் போகும்? தெருவுக்குத்தான். பொறவு தண்ணி லாரிக்கு நீ போன் போடணும். மேக்குப் பக்கம் படுக்கையறை வச்சிருக்க. சாயங்கால வெயிலு அந்தச் செவுத்துல மூணு மணி நேரம் அடிக்கும். செங்கல்லு அந்தச் சூட்ட வாங்கி வச்சுக்கிட்டு, ராத்திரி நீ படுத்தப்பொறவு மெள்ள மெள்ளக் கக்கும். ஒடனே ஏசியப் போடுவ. ஏசி என்ன பண்ணும்? உள்ள இருக்க வெக்கைய எடுத்து அடுத்த வீட்டுச் சன்னல்ல துப்பும். அவன் ஒரு ஏசி வாங்கி ஒன் சன்னல்ல துப்புவான். மரம் அப்பிடியா? வெயிலத் தன் தலையில வாங்கிக்கும். வேர் உறிஞ்சின தண்ணிய எலை வழியா ஆவியா விட்டுக் காத்தையும் குளுத்தும். அடுத்த வீட்டுக்காரனுக்கும் சேத்துத்தான், கரண்டு பில்லு இல்லாம.

வெருசா வளரணும்னு சொன்னியே, அதுக்கு வருவோம். வெருசுல நம்ம கரிசக்காட்டுல ஒரு சூரன் இருக்கான், தெரியுமா? வேலிக்காத்தான். சீமைக்கருவேலம்னு படிச்சவுக சொல்லுவாக. அமெரிக்கக் கண்டத்துல இருந்து வந்தவன். தண்ணி வேண்டாம், எரு வேண்டாம், காவல் வேண்டாம். ஆடு நெத்தத் தின்னு புழுக்கை போட்ட எடமெல்லாம் மொளைச்சிருவான்.

நானும் ஒரு காலத்துல ஒன்ன மாதிரி அவசரக்காரன்தான். கெணத்துமேட்டுக்கு வேலி வேணும்னு நாலு வெதையத் தூவுனேன். வேலி வந்துச்சு. அப்புறம் அந்த வேலி வயலுக்குள்ள வந்துச்சு. கடைசியில வேலிக்கு வெளிய நின்னது நான்தான். அதத் தூரோட எடுக்கச் செலவான காசுக்குக் கல்லுச்செவரே கட்டியிருக்கலாம். அந்த மரத்த ஒழிக்கச் சொல்லிக் கோர்ட்டு வரைக்கும் போயாச்சு. கரிமூட்டம் போட்டுப் பொழைக்கிறவுகளுக்கு அது சோறு போடுது, இல்லேங்கல. அதுக்காக வாசல்ல வைக்கிற சரக்கா அது?

இன்னொருத்தன் இருக்கான், ஒதியமரம். ஒரு கொம்ப ஒடிச்சு நட்டாப் போதும், மளமளன்னு தடிச்சுருவான். ஒதி பெருத்தாலும் உத்தரத்துக்கு ஆகுமான்னு பெரியவுக சும்மாவா கேட்டாக? வெருசா ஏறுற மரத்துக்குப் பெரும்பாலும் கட்டை மெதுசு. காத்தடிச்சாக் கெளை படக்குன்னு ஒடியும். நான் மரத்தத்தான் சொல்லுதேன். நீ வேற யாரையும் நெனச்சுக்காத.

கொஞ்ச வருசத்துக்கு முந்தி இன்னொரு மரம் பவுசா வந்துச்சே, கோனோகார்பஸ்னு. பேரச் சொல்லி முடிக்கிறதுக்குள்ள நாக்கு சுளுக்கிரும். பச்சைப் பசேல்னு செவரு மாதிரி நிக்கும், எலை கொட்டாதுன்னு சொல்லி ரோட்டோரம், பங்களாவோரம் எல்லாம் வரிசையா வச்சாக. இப்ப என்ன ஆச்சு? குஜராத்துல அத நடக் கூடாதுன்னாக. 2025-ல நம்ம தமிழ்நாட்டு அரசாங்கமும் நடக் கூடாதுன்னு உத்தரவு போட்டுருச்சு. வைக்க ஒரு செலவு, புடுங்க ஒரு செலவு. பவுசுன்னா சும்மாவா?

அதவிட வேடிக்கை, லாரியில மரம் வாங்குறது. வளந்து நிக்கிற மரத்த, வேர அறுத்து, சாக்குல கட்டி, கிரேன் வச்சு எறக்குதாக. வாங்கினவர் மறுநாளே அதுக்கடியில நின்னு போட்டோ எடுத்துப் போடுவாரு. வேரறுந்த மரமோ வருசக்கணக்கா உசுரப் புடிச்சு வைக்கிறதே பெரும்பாடா நிக்கும். பக்கத்துல வச்ச சின்னக் கன்னு அதுக்குள்ள மண்ணப் புடிச்சு மேல ஏறிக்கிட்டு இருக்கும். அஞ்சு வயசுப் பிள்ளைய ஊரு மாத்துறதும் அறுவது வயசுக்காரன ஊரு மாத்துறதும் ஒண்ணா?

கையில என்ன அது, லேப்டாப்பா? லேண்ட்ஸ்கேப்புக்காரர் போட்டுக் குடுத்த படமா? காட்டு பாப்போம். அழகாத்தான் இருக்கு. மரத்தடியில ஒரு வெள்ளைக்காரி நாயப் புடிச்சுக்கிட்டு நிக்காளே, அவ யாரு? சும்மா அழகுக்கா? சரி, நிக்கட்டும். மரம் ஏன் வீட்டுக்குத் தெக்க நிக்கி? தெக்க எலையுதிர்ற மரம் வச்சா, கோடையில நெழல் தரும், குளிர்காலத்துல எலை கொட்டி வெயில உள்ள விடும்னு புஸ்தகத்துல போட்டிருக்காக்கும்?

புஸ்தகம் பொய் சொல்லல தம்பி. அத எழுதின ஊருக்கு அதுதான் சரி. பனிக்கட்டி விழுற ஊரு. அங்க சூரியன் வருசம் பூரா உச்சி வேளைக்குத் தெக்க சாஞ்சுதான் நிக்கும். மார்கழிக்கு நமக்கு என்ன, தலையில சுத்த ஒரு துண்டு. வெயில வீட்டுக்குள்ள வெத்தலை பாக்கு வச்சா கூப்புடுவோம்?

நம்ம கோவில்பட்டிப் பக்கம் என்ன நடக்கு? சித்திரை பொறக்கையில சூரியன் உச்சந்தலைக்கு நேரா வந்துருவாரு. அதுக்கப்பொறவு ஆவணி பாதி வரைக்கும் உச்சி வேளைக்கு அவரு வடக்கால தள்ளித்தான் நிப்பாரு. நம்பலன்னா, வைகாசியில முத்தத்துல ஒரு கம்ப நட்டு வச்சு மத்தியானம் பாரு. நெழல் தெக்க விழும். அப்ப வெயில் கொளுத்துற மாசத்துல, தெக்க வச்ச மரத்தோட நெழல் ஒன் வீட்டு மேல எப்பிடி விழும்? ரோட்டுல போறவனுக்குப் புண்ணியம். ஒனக்கு லேண்ட்ஸ்கேப்புக்காரர் பில்லு.

எடம் பாக்க லேப்டாப்பு வேண்டாம். வைகாசி சாயங்காலம் நாலு மணிக்கு, தொட்டாச் சுடுற அந்த மேக்குச் செவுத்துல முதுகக் குடுத்து நில்லு. வெயிலு மொகத்துல எந்தத் திக்குல இருந்து அடிக்கோ, அந்தத் திக்குல எட்டுத் தப்படி எடுத்து வையி. இருவது அடி வரும். அங்கன ஒரு கல்லப் போடு. அதுதான் மரத்தோட எடம். மேக்கா இருக்கும், இல்ல வடமேக்கா இருக்கும். மேல கரண்டுக் கம்பி போகுதான்னு ஒருக்க அண்ணாந்து பாத்துக்கோ. எனக்குப் பில்லு வேண்டாம். ஒரு காப்பி போதும்.

ஏன் இருவது அடிங்கியா? கரிசமண்ணுய்யா. மழைக்கு உப்பும். கோடைக்குச் சுருங்கிக் கை நொழையுற மாதிரி வெடிப்பு விடும். மரத்தச் செவுத்தோட ஒட்டி வச்சா, அஸ்திவாரத்துக்கு அடியில இருக்க ஈரத்தையும் வேர் குடிச்சிரும். மண்ணு இன்னுஞ் சுருங்கும், செவரு விரியும். அப்ப மரத்தத்தான் வைவ. வச்சவன் கண்ணாடியில தெரிவான், அவன வைய மாட்ட. இருவது அடி எடமே இல்லியா? ஒரு பந்தலப் போட்டு அவரையோ பீர்க்கையோ ஏத்தி விடு. செவருக்கு நெழலும் ஆச்சு, கொழம்புக்குக் காயும் ஆச்சு. லேண்ட்ஸ்கேப்புல பீர்க்கங்கா தொங்கினா மானம் போயிருமா?

எலை கொட்டுமேன்னு மறுபடியும் மொனங்குத. கொட்டத்தான் செய்யும். ஏன் கொட்டுதுன்னு யோசிச்சியா? மழை நின்னு, பனி முடிஞ்சு, மண்ணுல ஈரம் வத்தும். ஒவ்வொரு எலையும் தண்ணி செலவழிக்கிற வாயி. வரவு கொறையுற காலத்துல மரம் வாயக் கொறைச்சுக்கிடுது. அதுவும் எப்பிடி? எலையில உள்ள சத்த முடிஞ்ச மட்டும் கொம்புக்குள்ள இழுத்துக்கிட்டு, காம்படியில தக்கை மாதிரி அடைச்சுட்டுத்தான் எலைய விடுது. எந்தக் கணக்கப்பிள்ளைக்கு இந்தச் சிக்கனம் வரும்? சம்பளம் கொறைஞ்ச மாசம் நீ என்ன பண்ணுத? தவணையில இன்னொரு போன் வாங்குத. அந்த மரத்தப் பாத்து நீ குப்பைக்காரன்ங்க.

சரி, ஆளுகளச் சொல்லுதேன். மரம் ஒன் வீட்டுக்குக் குடி வர்ற ஆளு மாதிரி. நெழலத் தவறாம வாடகையாத் தரும். ஆனா அதோட கொணம் தெரியாமக் குடி வச்சுராத.

மொத ஆளு வாகை. இந்த மண்ணுக்காரன். வெருசு உண்டு. வேர்ல முடிச்சுமுடிச்சா இருக்கும், காத்துல உள்ள தழைச்சத்தப் புடிச்சு மண்ணுல சேக்கும். எலைன்னா ஆட்டுக்கு உசுரு. பொழுதடைஞ்சா எலைய மடிச்சுக்கிட்டுத் தூங்கிரும், ஒன்ன மாதிரி நடுச்சாமம் வரைக்கும் போன நோண்டாது. கொறைன்னு பாத்தா, கொஞ்சம் வாயாடி. எலை கொட்டின பொறவு வெளுத்த நெத்து மட்டும் தொங்கும். காத்தடிச்சா ராப்பூரா சலசலக்கும். குறுந்தொகையில ஒரு புலவரு அந்தச் சத்தத்த, கயித்து மேல ஆடுற கூத்தாடிக பறைச் சத்தம் மாதிரின்னு சொல்லியிருக்காராம், பள்ளிக்கூடத்து வாத்தியார் சொன்னாரு. அம்புட்டு நாளா அதே சத்தந்தான். ஒனக்கு மட்டும் தூக்கம் கெடுதா? மண்டபத்துல ஸ்பீக்கர் அலறும்போது மட்டும் நல்லாத் தூங்குதியே. ஒண்ணு, வாகைக்கு எடம் தாராளமா வேணும்.

ரெண்டாவது ஆளு புங்கை. வாகையவிட நிதானம். வீட்டு அளவுக்கு அடங்கி நிக்கும். மாசியில கொட்டும், கொஞ்ச நாள் மொட்டையா நிக்கும், பங்குனியில எண்ணெ தேச்சுக் குளிப்பாட்டின பிள்ளை மாதிரி மினுமினுன்னு தளுக்கும். வெயிலு ஏறி வரும்போது கொடையோட தயாரா நிக்கும். எந்த ஆப்பு சொல்லிக் குடுத்துச்சு அதுக்கு? இந்தக் கொட்டைய ஆட்டி வெளக்கெரிச்சோம், புண்ணாக்க வயலுக்குப் போட்டோம். எலையில புள்ளி விழும், பூச்சி கொஞ்சம் சுருட்டும். அதுக்கெல்லாம் மருந்துப் பாட்டிலத் தூக்கிக்கிட்டு ஓடாத. மரம் பாத்துக்கிடும்.

வாதமடக்கி ஒண்ணு இருக்கு. வாதநாராயணன்னும் சொல்லுவாக. போத்து ஒடிச்சு நட்டாலே துளுத்துரும். சல்லடை நெழல், கீழ நாலு பூச்செடி வைக்கத் தோது. மூட்டுவலின்னா எங்க வீட்டுக் கெழவி அந்த எலைய உருவிப் போட்டு அடை சுட்டுருவா. கெளை மட்டும் மெதுசு, கட்டில அதுக்கு நேர் அடியில போட்டுக் காத்தடிக்கிற அன்னைக்குத் தூங்காத.

வாதாங்கொட்டை மரம் தெரியும்லா? நாட்டு வாதுமை. தட்டுத் தட்டா கெளை விடும். எலை கொட்டுறதுக்கு முந்தி செக்கச்செவேல்னு ஆகும். அதப் பாக்கத்தான் நீ பிளேன் ஏறி வெளிநாடு போற. அந்தக் காஞ்ச எலைய மீன் தொட்டிக்குப் போடணும்னு பொட்டலம் கட்டி ஆன்லைன்ல விக்கான். வாங்குறவன் மரத்த வெட்டிட்டு வீடு கட்டினவனாத்தான் இருப்பான்.

தூங்குமூஞ்சி மரம் வேண்டாம். அதோட கொடை விரிஞ்சா ஒன் மனைய மாதிரி நாலு மனைய மூடும். அது ரோட்டுக்கும் ரயிலடிக்கும் ஆன ஆளு. குல்மோஹர் மடகாஸ்கர்ல இருந்து வந்த அழகி. பூத்தா தெருவே தீப்புடிச்ச மாதிரி இருக்கும். ஆனா வேர் மேலாப்புல ஓடும். 2016 டிசம்பர் 12-ல வர்தா புயல் அடிச்சப்ப சென்னையில பெரிய பெரிய மரமெல்லாம் வேரோட மல்லாந்து கெடந்தத டிவியில பாத்தேன். வேர்த்தட்டு தாம்பாளம் மாதிரி நட்டமா நின்னுச்சு. மரத்த மட்டும் குத்தம் சொல்ல முடியுமா? தூரச் சுத்திச் சிமெண்டப் போட்டுக் கழுத்த நெரிச்சா எந்த மரந்தான் நிக்கும்?

இப்ப நடுற வெதம். அவசரம் வேண்டாம், ஐப்பசிக்கு இன்னும் ஆறு மாசம் கெடக்கு. மூணடிக்கு மூணடி குழி வெட்டி வெயில்ல ஆறப் போடு. மேல்மண்ணு, மக்கின எரு, கொஞ்சம் மணலு போட்டு நெரப்பு. கன்னு வாங்கும்போது ஒயரத்தப் பாத்து மயங்காத, தண்டோட தெடத்தப் பாரு. நாளான கன்னா இருந்தா, பையக் கிழிச்சதும் வேரு அடியில கொடிக்கயிறு மாதிரி சுருண்டு சுருண்டு கெடக்கும். அப்பிடியே நட்டுட்டன்னு வையி, அந்தச் சுருள் வருசாவருசம் தடிச்சு, தன் கழுத்துக்குத் தானே சுருக்குப் போட்டுக்கிடும். பிளேட வச்சுச் சுருள அறுத்து விட்டுட்டு நடு. தூரு மண்ணுக்கு மேல தெரியணும். பாசத்துல கழுத்து வரைக்கும் மண்ண அணைச்சுராத. கன்னுக்குத் தொணைக்கம்பு ஊனி, கட்ட லேசா வையி. கொஞ்சம் ஆட்டம் குடுத்தாத்தான் தண்டு உரம் ஏறும். ஆடு கடிக்காம முள்ளக் கட்டு. வேலிக்காத்தான் முள்ளு அதுக்காவது ஒதவட்டும்.

போன்லயே தண்ணி பாய்ச்சுற ஆப்பு இருக்காமே? இருக்கட்டும். தெனமும் ஒரு செம்பு தெளிச்சுட்டுப் போறதவிட, நாலஞ்சு நாளைக்கு ஒருக்க ரெண்டு கொடம் ஊத்து. ஈரம் ஆழத்துக்குப் போனாத்தான் வேரும் அதத் தேடி ஆழத்துக்குப் போகும். ஊருக்குப் போறியா? பழைய மம்பானை அடியில ஓட்டை போட்டு, துணித்திரி செருகி, தூருக்குக் கொஞ்சம் தள்ளிப் பொதைச்சு, நெறைய ஊத்தி மூடி வச்சுட்டுப் போ. அதுக்கு சார்ஜ் போட வேண்டாம். மரம் வளந்ததும் உச்சிய மட்டும் மொட்டையடிச்சுராத. வெட்டின எடத்துல கொத்தாத் துளுக்கும், ஒண்ணுலயும் புடிமானம் இருக்காது. அடிக்கெளைய வருசத்துக்கு ஒண்ணு ரெண்டா எடுத்துக்கிட்டு வா, போதும்.

கடைசியா ஒண்ணு. கன்னு வாங்கப் போறப்ப ஒரு வாரியலும் சேத்து வாங்கிக்கோ. எலை கொட்டுறது வருசத்துல மூணு நாலு வாரம். ஜிம்முக்குக் காசு கட்டி நின்ன எடத்துலயே ஓடுதியாமே, அந்த அரைமணி நேரம் வாசலக் கூட்டு. தீ வைக்காத. அள்ளிக்கொண்டு போயி மரத்தச் சுத்திப் பரப்பு, தண்டுல ஒட்டாம. வெயில் காலத்துக்கு ஈரம் காக்கும், மழைக்கு எருவாகும். மரம் போட்ட காச மரத்துக்கிட்டயே வட்டிக்கு விட்ட மாதிரி.

என் வீட்டுக்கு மேக்கால நிக்கே இந்தப் புங்கை, இது மூத்தவன் பொறந்த வருசம் வச்சது. மாசி பொறந்தாப் போதும், எதுத்த வீட்டுக்காரரு சண்டைக்கு வந்துருவாரு. ஒம்ம மரம் எங்க வாசலக் குப்பையாக்குது, அந்தக் கெளைய வெட்டும்பாரு. நான் எதுத்துப் பேசுறதில்ல. வாரியல எடுத்துக்கிட்டுப் போயி அவரு வாசலையும் கூட்டி, எலைய அள்ளிக்கிட்டு வந்துருவேன். அவருக்கு ஜெயிச்ச சந்தோசம், எனக்கு ஒரு கூடை எரு.

எந்திரிச்சு வெளிய எட்டிப் பாரு. மணி ரெண்டாகுது, சித்திரை வெயிலு மண்டையப் பொளக்கு. புங்க நெழல்ல வெள்ளைக் காரு ஒண்ணு நிக்கா? அது அவரோடதுதான். நான் இப்பக் கட்டிலத் தூக்கிப் போடணும்னாலும், அவரக் கூப்புட்டுக் காரக் கொஞ்சம் தள்ளி நிறுத்துமய்யான்னு சொல்லணும்.